ஒருதலைப் பயணம்: புடாபெஸ்ட்டில் ஆறு நாள்

முதல் நாள், திங்கள்

வந்து சேர்ந்துவிட்டேன். பெட்டியும் கூடவே வந்துவிட்டது, அதுதான் ஆச்சரியம்.

கிளம்பும்போது எதிர்வீட்டு அக்கா கேட்டார், "தனியாவா போறீங்க? அங்க யார் இருக்கா?" என்று. அங்கே ஒரு புழு இருக்கிறது, அதைப் பார்க்கத்தான் போகிறேன் என்று ஐம்பது வயதுக்காரன் எப்படிச் சொல்வது? "பாலமெல்லாம் நல்லா இருக்குமாம்க்கா" என்று மழுப்பிவிட்டு ஆட்டோ ஏறினேன்.

உண்மைக் கதை இதுதான். இரண்டு வருடம் முன்னால் தூக்கம் வராத ஓர் இரவில் போனைத் தேய்த்துக்கொண்டிருந்தபோது ஒரு பழைய கார்ட்டூன் வந்தது. ஐந்தே நிமிடம். பெரிய மூக்கும் சின்ன உடம்புமாய் ஒரு ஆள். பெயர் குஸ்தாவ். வசனம் கிடையாது, எல்லாரும் என்னவோ முணுமுணுக்கிறார்கள், அவ்வளவுதான். அந்த ஆள் எதையாவது ஒழுங்காகச் செய்ய நினைக்கிறான், அது அவன் தலையிலேயே விடிகிறது, படம் முடிந்துவிடுகிறது. அன்றைக்கு விடியும்வரை பதினைந்து இருபது பார்த்திருப்பேன். அப்புறம் தேடிப் படித்தால் ஹங்கேரியின் பன்னோனியா ஸ்டூடியோ எடுத்தது, அறுபதுகளில் தொடங்கி 1977 வரை 120 படங்கள். உருவாக்கியவர் நெப் யோஜெஃப், கூட டர்காய் அட்டிலா, யான்கோவிச் மார்ட்செல். ஹங்கேரிக்காரர்கள் குடும்பப் பெயரை முன்னால் போட்டுத்தான் தன் பெயரைச் சொல்வார்கள், நாம் இனிஷியலை முன்னால் போடுகிற மாதிரி. இது தெரிந்த அன்றைக்கே அந்த ஊர் கொஞ்சம் பக்கத்தில் வந்துவிட்டது எனக்கு.

குஸ்தாவிலிருந்து ஒன்று இன்னொன்றாகத் தொற்றிக்கொண்டு கடைசியில் வந்து நின்றது ஒரு தூண்டில்காரரிடம். எண்பதுகளின் டிவித் தொடர். தலைப்பைத் தமிழில் சொன்னால் 'மகா தூ-தூ-தூ-தூண்டில்காரர்' என்று வரும், மூலத்திலும் திக்கல் அப்படியே உண்டு: ஹோ-ஹோ-ஹோ-ஹோர்காஸ். எழுதியவர் சுக்காஷ் இஷ்த்வான், ஹங்கேரிக் குழந்தைகள் பாதிப் பேர் அவர் கதை கேட்டு வளர்ந்தவர்கள். தனி ஆள், தண்ணீர்க் கரை, மீன் மாட்டுவதே இல்லை. பேச்சுத் துணை யார் என்றால் தூண்டிலில் கோக்க வேண்டிய புழு. அந்தப் புழுவுக்குப் பெயர் ஃபோகுகட்ஸ், புழுக்களுக்கெல்லாம் தலைவர். அவர் இந்த ஆளுக்கு அறிவுரை சொல்கிறார், நக்கல் அடிக்கிறார், சில சமயம் ஆறுதல்கூடச் சொல்கிறார். எனக்கு ஒரு வார்த்தை புரியவில்லை. ஆனாலும் கிடைத்த எல்லாவற்றையும் பார்த்தேன்.

தங்கியிருப்பது எட்டாவது வட்டாரத்தில், நூறு வருடத்துக்கு மேல் பழைய கட்டடம். நம் ஊர் ஸ்டோர் வீட்டை நாலு மாடிக்கு அடுக்கி வைத்த மாதிரி இருக்கிறது: நடுவில் முற்றம், ஒவ்வொரு மாடியிலும் சுற்றி வர இரும்புக் கிராதி போட்ட நடைபாதை, எல்லா வீட்டு வாசலும் அதில்தான் திறக்கிறது. யார் வருகிறார், யார் போகிறார், யார் வீட்டில் வெங்காயம் வதக்குகிறார்கள் எல்லாம் எல்லாருக்கும் தெரியும். தனி ஆளாக ஒளிந்து வாழ இதைவிட மோசமான இடம் கிடையாது.

அறையில் டிவி இருக்கிறது, போடவில்லை. திங்கட்கிழமை அல்லவா. அந்தக் காலத்தில் ஹங்கேரியில் திங்கட்கிழமை டிவி ஒளிபரப்பே கிடையாதாம். வாரா வாரம் லீவு. 1957 மே 1-ஆம் தேதி முறையாக ஒளிபரப்பு தொடங்கியது, இந்தத் திங்கள் விடுமுறை 1989 வரை நீடித்தது. குஸ்தாவ் மாதிரி ஒரு தனி ஆள் திங்கட்கிழமை ராத்திரி என்ன செய்திருப்பான் என்று யோசித்துக்கொண்டே தூங்கப் போகிறேன்.

இரண்டாம் நாள், செவ்வாய்

காலையில் மஞ்சள் குட்டி மெட்ரோவில் ஏறினேன். 1896-இல் திறந்தது, ஐரோப்பாவின் பெருநிலத்தில் இதுதான் முதல் சுரங்க ரயில். பெட்டி அவ்வளவு சின்னது, எதிரே உட்கார்ந்திருப்பவரின் முழங்கால் நம் முழங்காலோடு நலம் விசாரிக்கும்.

சபட்ஷாக் சதுக்கத்துக்குப் போனேன். சபட்ஷாக் என்றால் விடுதலை. அங்கே இருக்கும் பிரம்மாண்டக் கட்டடத்தை ஆல்பார் இக்னாட்ஸ் 1905-இல் பங்குச் சந்தைக்காகக் கட்டினார். பங்குச் சந்தை போய் சோஷலிசம் வந்த பிறகு, டிவிக்காரர்கள் உள்ளே குடியேறினார்கள். பணம் கூச்சலிட்ட கூடத்தில் அப்புறம் பல்துலக்கும் கரடி பொம்மை குழந்தைகளைத் தூங்க வைத்தது. மாலைக் கதை தொடங்குமுன் வருமே, டிவி மாட்ஸி, அந்தக் கரடி. மாட்ஸி என்றால் கரடிக்குட்டி. டிவி நிலையம் 2009-இலேயே இடம் மாறிப் போய்விட்டது. நான் கட்டடத்தை வெளியே நின்று பார்த்தேன், ஒரு படம் எடுத்தேன், படத்தில் என் கட்டை விரலும் இருந்தது.

இதே சதுக்கத்தில் சோவியத் போர் நினைவுச் சின்னமும் இருக்கிறது, அமெரிக்காவின் ரொனால்ட் ரீகன் சிலையும் இருக்கிறது, ஒன்றிலிருந்து ஒன்று எட்டிப் பார்க்கிற தூரத்தில். நடுவே ஒரு நீரூற்று, சுற்றிலும் தண்ணீர்ச் சுவர், நாம் கிட்டே போனால் அந்தப் பக்கம் மட்டும் நீர் அடங்கி வழி விடும். நான் தைரியமாக உள்ளே போய் நின்றேன். வெளியே வரும்போது வழி விடவில்லையோ, நான்தான் அவசரப்பட்டேனோ, பேன்ட் முழங்கால்வரை நனைந்துவிட்டது. ஒரு பையன் கைதட்டினான். இந்த ஐந்து நிமிடத்தை அப்படியே குஸ்தாவ் படமாகப் போடலாம்.

நனைந்த பேன்ட்டோடு சாப்பாடு. இங்கே எத்கெஸ்தே என்று ஒரு வகை உண்டு, நம் மெஸ் மாதிரி. சின்ன இடம், கட்டம் போட்ட மேசை விரிப்பு, மத்தியானம் மட்டும்தான் கூட்டம், வருகிறவர்களில் பாதிக்கு மேல் தனி ஆட்கள். இடமில்லை என்றால் தெரியாதவர் மேசையிலேயே உட்கார வைத்துவிடுவார்கள். உள்ளே நுழைந்ததும் அந்தம்மா ஒரு விரலைக் காட்டி "எஜ் ஃபோ?" என்றார். ஒரு ஆளா என்று கேட்கிறார் எனப் புரிந்து தலையாட்டினேன். ஃபோ என்ற சத்தம் மட்டும் காதில் மாட்டிக்கொண்டது. ஃபோகுகட்ஸில் வருகிற ஃபோவா? என்னையும் புழுவையும் சேர்த்து ஒரு வார்த்தையில் அடைத்துவிட்டார்களா?

சாப்பிட்டது ஃபோஸெலேக். காயை வேகவைத்து மாவும் புளித்த பாலேடும் சேர்த்துக் கெட்டியாக்கியது. குழம்பும் இல்லை கூட்டும் இல்லை, இரண்டுக்கும் நடுவில் ஏதோ ஒன்று. நான் எடுத்தது பூசணி வகைக் காய், சோயிக்கீரை போட்டது, மேலே ஒரு பொரித்த முட்டை. காரம் துளியும் இல்லை. ஆனால் வயிறு குளிர்ந்தது. முன்னதாக ஒரு கிண்ணம் புளிப்புச் செர்ரிப் பழ சூப், ஜில்லென்று. சாப்பாட்டுக்கு முன்னால் பாயசமா என்று முதலில் திடுக்கிட்டேன், இரண்டாவது கரண்டியில் சமாதானம் ஆகிவிட்டேன். எதிரே உட்கார்ந்திருந்த பெரியவர் முழுச் சாப்பாட்டையும் ஒரு வார்த்தை பேசாமல் முடித்தார், எழும்போது என்னைப் பார்த்துத் தலையசைத்து ஏதோ வாழ்த்துச் சொன்னார். எனக்கு அது பிடித்திருந்தது. தனியாகச் சாப்பிடுகிறவரைப் பாவம் பார்க்காத கடை.

மூன்றாம் நாள், புதன்

இன்றைக்குத்தான் புழு தரிசனம்.

இந்த ஊரில் கொலோட்கோ மிஹாய்லோ என்று ஒரு சிற்பி இருக்கிறார், உக்ரைனின் உஜ்ஹோரோத் பக்கத்து ஆள். கையளவு, விரலளவு வெண்கலச் சிலைகள் செய்து நகரத்தில் யாரும் எதிர்பாராத இடங்களில் வைத்துவிடுவார். பெரிய சிலைகள் எல்லாம் குதிரைமேல் உட்கார்ந்து வாளை நீட்டிக்கொண்டிருக்கும் ஊரில், இவர் சிலையைப் பார்க்கக் குனிய வேண்டும். பழைய டிவித் தொடர்களின் பாத்திரங்கள் பல பேரைச் செய்திருக்கிறார். அதில் நம் தலைமைப் புழுவும் உண்டு, புடா கரையில், பெம் படித்துறைச் சாலையில்.

பாத்தியானி சதுக்கத்தில் இறங்கி டான்யூப் ஓரமாக நடந்தேன். எதிர்க்கரையில் நாடாளுமன்றம், படத்தில் பார்த்தது போலவே, ஒரு குறையும் இல்லை, அதனாலேயே அதிக நேரம் பார்க்கத் தோன்றவில்லை. கைப்பிடிச் சுவரைத் தடவிக்கொண்டே போனால் முதலில் சோகப் பீரங்கி வண்டி வந்தது. உள்ளங்கை அளவு டாங்கி, அதன் குழல் தொய்ந்து கீழே தொங்குகிறது. சோவியத் டாங்கிகள் வந்து நசுக்கிய 1956 ஹங்கேரிப் புரட்சியை மனதில் வைத்துச் செய்தது. சிரிப்பு வருகிறது, உடனே வந்திருக்கக் கூடாதோ என்றும் தோன்றுகிறது.

புழுவை நான் இரண்டு முறை தாண்டிப் போய்விட்டேன். மூன்றாவது முறை ஒரு குழந்தை அதன் தலையைத் தடவிக்கொண்டிருந்தது, அதனால்தான் கண்ணில் பட்டது. அவ்வளவுதான் உயரம். இதற்காக ஏழாயிரம் கிலோமீட்டர். குழந்தை போன பிறகு நானும் யாரும் பார்க்கவில்லை என்று உறுதி செய்துகொண்டு தலையைத் தொட்டேன். வெயிலில் நல்ல சூடு.

தூண்டில்காரர் சிலை பக்கத்தில் இல்லை. தேடிப் பார்த்தேன், இல்லை. முதலில் ஏமாற்றமாக இருந்தது, அப்புறம் உட்கார்ந்து யோசித்தால் இது சரிதான் போலிருக்கிறது. புழு ஆற்றைப் பார்த்துக்கொண்டு இருக்கிறது, பக்கத்தில் யார் வந்து நிற்கிறார்களோ அவர்தான் அன்றைக்குத் தூண்டில்காரர். நான் ஒரு அரை மணி நேரம் டியூட்டி பார்த்தேன். மீன் ஒன்றும் மாட்டவில்லை.

அங்கிருந்தே பச்சை நிறப் புறநகர் ரயிலைப் பிடித்து ஓபுடா. ஃபலுஹாஸ் என்று ஒரே கட்டடம், 886 வீடுகள், முந்நூறு மீட்டருக்கு மேல் நீளம், ஹங்கேரியின் மிகப் பெரிய அடுக்குமாடி. பெயருக்கு அர்த்தம் 'கிராம வீடு'. வேடிக்கைக்குச் சொன்னார்களா நிஜமாகச் சொன்னார்களா தெரியவில்லை, ஆனால் கணக்குப் பார்த்தால் ஒரு கிராமமே உள்ளே இருக்கிறது. கான்கிரீட் பலகைகளைத் தொழிற்சாலையில் வார்த்து எடுத்து வந்து சீட்டுக்கட்டு அடுக்குவதுபோல அடுக்கிக் கட்டிய காலம் அது. குஸ்தாவ் படங்கள் வந்துகொண்டிருந்ததும் அதே வருடங்களில்தான். இந்தக் கட்டடத்தின் முன்னால் நின்றபோது அந்தப் படங்களில் ஒரு விஷயம் புரிந்தது. குஸ்தாவுக்கு ஒரு படத்தில் மனைவி இருப்பாள், இன்னொன்றில் இருக்க மாட்டாள், ஒன்றில் ஆபீஸ், ஒன்றில் வெறும் அறை. தொடர்ச்சியே இல்லையே என்று நினைத்திருந்தேன். அவன் ஒரு ஆளே இல்லை. 886 கதவில் எதைத் தட்டினாலும் திறக்கிறவன்தான் குஸ்தாவ். யாரோடு இருந்தாலும் அவன் தனி ஆள்தான், ஏனென்றால் அவன் மனசில் நினைத்ததும் வெளியில் நடப்பதும் ஒருநாளும் ஒத்துப்போவதில்லை.

அந்தக் காலத்துக் கட்சியைப் பற்றியோ தலைவர்களைப் பற்றியோ அந்தப் படங்கள் ஒரு வார்த்தை பேசாது. முணுமுணுப்புதானே. பொருளில்லாத பேச்சுக்கு ஹங்கேரியனில் ஹலன்ட்ஜா என்று தனிச் சொல்லே வைத்திருக்கிறார்கள். எனக்கென்னவோ அது கெட்டிக்காரத்தனம் என்று படுகிறது. ஒன்றும் சொல்லாதவனிடம் எதை வெட்டுவார் தணிக்கை அதிகாரி? கூடவே இன்னொரு லாபம், மொழிபெயர்க்காமலேயே வெளிநாட்டுக்கு விற்கலாம். என் படுக்கைக்கும் வந்து சேரலாம்.

கால் வலி. வழியில் ஒரு டூரோ ரூடி வாங்கித் தின்றேன். தயிர்ப் பாலாடையைக் குச்சியாக உருட்டிச் சாக்லேட் பூசியது, சிவப்புப் புள்ளி உறை. 1968-இலிருந்து இருக்கிறதாம். இரண்டாவதும் வாங்கினேன்.

நான்காம் நாள், வியாழன்

மழை. காலையில் சேச்செனி வெந்நீர்க் குளத்துக்குப் போனேன், மழை மேலே, சூடு கீழே, நடுவில் தாத்தாக்கள் மார்பளவு தண்ணீரில் நின்று சதுரங்கம் ஆடுகிறார்கள். அரை மணி நேரம் ஒரு ஆட்டத்தைப் பார்த்தேன். இருவரும் ஒரு வார்த்தை பேசிக்கொள்ளவில்லை. வேறு சொல்ல ஒன்றுமில்லை, விரல் நுனி கத்தரிக்காய்த் தோல் மாதிரி சுருங்கிவிட்டது.

எழுத வேண்டியது மத்தியானம் நடந்தது. வந்ததும் ஈரத் துண்டைக் கிராதியில் போடலாம் என்று கதவைத் திறந்து நடைபாதைக்கு வந்தேன். இரண்டு அடிதான். பின்னால் கதவு டக்கென்று சாத்திக்கொண்டது. வெளிப்பக்கம் திருகும் கைப்பிடி கிடையாது, வெறும் குமிழ்தான். சாவி உள்ளே. போன் உள்ளே. செருப்பும் உள்ளே. நான் வெளியே, அரைக்கால் சட்டையும் கையில் ஈரத் துண்டுமாக.

முற்றத்தில் மழை. நான் குமிழைத் திருகினேன், இழுத்தேன், கெஞ்சினேன். எதிர்ப்பக்க நடைபாதையில் ஒரு பாட்டி நாற்காலி போட்டு உட்கார்ந்து எல்லாவற்றையும் பார்த்துக்கொண்டிருந்தார். முதல் நாளிலிருந்தே பார்க்கிறார் என்று நினைக்கிறேன். பத்து நிமிடம் கழித்து எழுந்து, சுற்றி வந்து, ஒரு ஜோடித் துணிச் செருப்பை என் காலடியில் வைத்தார். சின்ன சைஸ், பாதி குதிகால் வெளியே நின்றது. அப்புறம் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டே போய்த் தன் வீட்டு அடுப்படியில் உட்கார வைத்தார்.

அங்கே பேரன் இருந்தான், கல்லூரிப் பையன், ஆங்கிலம் பேசினான், வீட்டுக்காரருக்குப் போன் போட்டான். இரண்டு மணி நேரம் ஆகும் என்றார்களாம். அந்த இரண்டு மணி நேரம்தான் இந்தப் பயணத்திலேயே எனக்குக் கிடைத்த நல்ல நேரம், கதவுக்கு நன்றி.

பாட்டியை எப்படிக் கூப்பிடுவது என்று கேட்டேன். பெயரைச் சொல்லி நேனி என்று சேர்க்க வேண்டும் என்றான். ஆண் என்றால் பாச்சி. சொந்தமா இல்லையா என்ற கணக்கே கிடையாது, வயதானவர் என்றால் நேனி, பாச்சி. நாங்களும் பெயருக்குப் பின்னால் அக்கா, மாமா என்று ஒட்டுவோம் என்றேன். நேனி இதைக் கேட்டுவிட்டு இன்னொரு துண்டு கேக் வைத்தார்.

எதற்காக வந்தீர்கள் என்று கேட்டான். எதிர்வீட்டு அக்காவிடம் சொல்லாததை இவனிடம் சொன்னேன். குஸ்தாவ், தூண்டில்காரர், ஃபோகுகட்ஸ். அவன் மொழிபெயர்க்கும் முன்பே நேனிக்குப் புரிந்துவிட்டது. ஃபோகுகட்ஸ் என்று கேட்டதும் ஒரு விரலை வளைத்துப் புழு மாதிரி ஆட்டிக் கட்டைக் குரலில் ஏதோ சொன்னார். அந்தக் குரல்! படத்தில் புழுவுக்குக் குரல் கொடுத்தவர் சாக்கானி லாஸ்லோ என்ற பெரிய நடிகர், தூண்டில்காரருக்கு சபோ ஜூலா. நேனி இரண்டு குரலும் மாற்றி மாற்றிப் பேசினார். பேரன் தலையில் கை வைத்துக்கொண்டான்.

நேனிக்கு எல்லாரையும்விடப் பிடித்தவர் மாரிஷ். அறுபதுகளின் கடைசியில் வந்த மேஸ்கா குடும்பம் என்ற தொடரில் பக்கத்து வீட்டுக்காரர், டாக்டர் மாரிஷ். அந்தக் குடும்பம் முப்பதாம் நூற்றாண்டில் இருக்கும் தன் கொள்ளுக் கொள்ளுப் பேரனிடம் ரேடியோவில் பேசி எதையாவது வரவழைக்கும், வந்தது வினையாகும், புகையும் சத்தமும் எழும், மாரிஷ் தன் வீட்டிலிருந்து பார்த்துப் பார்த்து நொந்துபோவார். இதையும் எழுதியது நெப்தான், கூட ரொம்ஹானி யோஜெஃப். எல்லாரும் மேஸ்கா குடும்பத்தைப் பார்த்துச் சிரித்தார்கள், நான் மாரிஷைத்தான் பார்த்தேன், அவருக்கு மட்டும்தான் நடப்பது என்னவென்று யாரும் சொல்லவே இல்லை, என்றார் நேனி. பிறகு தன் நாற்காலி இருக்கும் திசையைக் காட்டிச் சிரித்தார்.

ஃபோ சந்தேகத்தையும் கேட்டுவிட்டேன். பையன் சொன்னான், ஃபோ என்றால் பழைய ஹங்கேரியனில் தலை. அதிலிருந்து முக்கியமானது, தலைமையானது. ஆட்களை எண்ணவும் அதுதான், எஜ் ஃபோ என்றால் ஒரு தலை. எனக்குச் சிலிர்த்துவிட்டது. தலைக்கு நூறு ரூபாய் என்கிறோம், தலைமை ஆசிரியர் என்கிறோம், இரண்டும் எங்களுக்கும் ஒரே தலைதான் என்று விளக்கினேன். உற்சாகத்தில், அப்போ ஃபோஸெலேக் என்றால் தலைமைக் கூட்டா என்று கேட்டேன். இல்லை, அது சமைப்பது என்ற வேறு ஃபோ என்றான். எல்லாவற்றிலும் ஒற்றுமை தேடினால் இப்படித்தான்.

வீட்டுக்காரர் வந்தார், கதவைத் திறந்தார், நான் மூன்று முறை மன்னிப்புக் கேட்டேன். செருப்பைத் திருப்பிக் கொடுக்கப் போனால் நேனி வாங்கவில்லை. அடுத்த முறைக்கு வைத்துக்கொள் என்றார்.

ஐந்தாம் நாள், வெள்ளி

கெச்கெமேட். ரயிலில் ஒன்றரை மணி நேரம் போல. 1971-இல் பன்னோனியாவின் கிளையாக இங்கே ஒரு கார்ட்டூன் ஸ்டூடியோ தொடங்கினார்கள், நாட்டுப்புறக் கதைத் தொடர் நூறு பாகம் இங்கேதான் வரைந்தது. 1985-இலிருந்து அனிமேஷன் விழாவும் நடக்கிறது. நான் போனபோது விழா எதுவும் இல்லை, ஊர் தூங்கிக்கொண்டிருந்தது. பலவண்ண ஓடு பதித்த சிஃப்ரபலோட்டா மாளிகையை அண்ணாந்து பார்த்தேன், பாதாமி ஜாம் ஒரு பாட்டில் வாங்கினேன், இசையமைப்பாளர் கோதாய் 1882-இல் இந்த ரயில் நிலையத்தில்தான் பிறந்தார் என்று படித்துவிட்டு அதே நிலையத்தில் ரயில் ஏறித் திரும்பிவிட்டேன். கெச்கெ என்றால் ஆடு. ஆட்டை வைத்தும் இவர்களுக்கு ஒரு டிவித் தொடர் உண்டு, மெக் எலெக், எல்லா வேலையும் தெரியும் என்று போர்டு மாட்டிக்கொண்டு ஒன்றையும் உருப்படியாகச் செய்யாத கிழட்டு ஆடு, பொம்மைப் படம், 1970-களில் வந்தது. அந்த ஆடும் தனிக்கட்டைதான். இந்த நாட்டு டிவியில் குடும்பஸ்தர்களே குறைவோ?

ஆறாம் நாள், சனி

கடைசி நாள், பாலட்டோன் ஏரி. தெற்கு ரயில் நிலையத்திலிருந்து வண்டி, வெலென்ட்சே ஏரி முதலில் வந்து ஏமாற்றும், இதுதானோ என்று எழுந்து நின்றேன், பக்கத்து இருக்கைப் பெண் உட்காரச் சொல்லிச் சைகை காட்டினார். நிஜ பாலட்டோன் வந்ததும் சந்தேகமே வரவில்லை. 77 கிலோமீட்டர் நீளம், பால் கலந்த பச்சை நிறம், ரயில் கரையை ஒட்டியே ஓடுகிறது.

இறங்கியது பாலட்டோன்சார்சோவில். இந்த ஊரில் 1937 டிசம்பர் 3 அன்று கவிஞர் யோஜெஃப் அட்டிலா சரக்கு ரயிலில் அடிபட்டு இறந்தார். வயது 32. அவர் பிறந்த ஏப்ரல் 11-ஐத்தான் ஹங்கேரி முழுக்கக் கவிதை நாளாகக் கொண்டாடுகிறார்கள். அவர் கடைசியாகத் தங்கியிருந்த வீடு இப்போது நினைவில்லம். உள்ளே போனேன், பதினைந்து நிமிடத்தில் வெளியே வந்துவிட்டேன். கார்ட்டூன் தேடி வந்தவனுக்கு அங்கே நிற்கத் தெரியவில்லை. தண்டவாளம் பக்கத்திலேயே இருக்கிறது, நான் வந்ததும் அதே பாதைதான்.

ஏரிக்கரையில் சாப்பாடு. எல்லாக் கடையிலும் ஹெக் என்று ஒரு மீனை முழுசாகப் பொரித்துத் தருகிறார்கள், பாலட்டோனுக்கு வந்தால் ஹெக் தின்ன வேண்டும் என்பது எழுதாத சட்டம். ஹெக் கடல் மீன். உறைய வைத்து எங்கிருந்தோ வருகிறது. கடலே இல்லாத நாட்டில், ஏரியைப் பார்த்துக்கொண்டு, கடல் மீன். இந்த ஏரியில் வலை போட்டு வியாபாரத்துக்கு மீன் பிடிப்பதை 2013 கடைசியோடு நிறுத்திவிட்டார்கள், இப்போது தூண்டில்காரர்கள் மட்டும்தான். ஒரு கோடிக்கும் குறைவான ஜனத்தொகை, அதில் பல லட்சம் பேரிடம் தூண்டில் உரிமம் இருக்கிறது. இவர்களுக்கு அந்தத் தொடர் ஏன் அவ்வளவு பிடித்தது என்று இதற்குமேல் விளக்க வேண்டுமா.

தெற்குக் கரையில் தண்ணீர் ஆழமே கிடையாது. நான் பேன்ட்டைச் சுருட்டிக்கொண்டு நூறடி போனேன், முழங்கால். இன்னும் நூறடி, அதே முழங்கால். திரும்பி வந்து கரையோரமாக நடந்தால், குளிக்கிறவர்களை விட்டுத் தள்ளி ஒரு மரப் பலகைத் துறை, அதன் முனையில் மடக்கு நாற்காலி போட்டு ஒரு பெரியவர், இரண்டு தூண்டில், ஒரு வாளி. வாளியை எட்டிப் பார்த்தேன். காலி.

"யோ நபோட்" என்று வணக்கம் சொன்னேன். பதிலுக்குத் தலையாட்டினார், கண் மிதப்பை விட்டு நகரவில்லை. பலகையில் காலைத் தொங்கவிட்டு உட்கார்ந்தேன். அவர் போ என்று சொல்லவில்லை. இருபது நிமிடம் இப்படியே போனது. ரயிலுக்கு இன்னும் முக்கால் மணி இருந்தது.

அவர் காலடியில் ஒரு தகர டப்பா, மண்ணோடு புழுக்கள். நான் ஆறு நாளாகச் சேர்த்து வைத்திருந்த ஹங்கேரியன் மொத்தத்தையும் திரட்டி, டப்பாவைக் காட்டி, "பாச்சி... ஃபோகுகட்ஸ்?" என்றேன்.

முதல் தடவையாகத் திரும்பி என்னைப் பார்த்தார். மேலிருந்து கீழ்வரை பார்த்தார், நேனியின் துணிச் செருப்பு வரைக்கும். அப்புறம் தோள் குலுங்கக் குலுங்கச் சத்தமே வராத ஒரு சிரிப்பு. டப்பாவை எடுத்து மடியில் வைத்துக்கொண்டு விரலால் மண்ணைக் கிளறினார். ஒரு புழுவைக் காட்டி, "குகட்ஸ்" என்றார். இன்னொன்றைக் காட்டி, "குகட்ஸ்." கீழே ஆழத்தில் போய்த் தேடி, சுண்டு விரல் தடிமனுக்கு ஒன்றை வெளியே எடுத்து உள்ளங்கையில் வைத்து என் முகத்துக்கு நேரே நீட்டினார். "ஃபோகுகட்ஸ்."

நான் கும்பிட்டேன். வேறென்ன செய்வது, பழக்கம்.

அதை அவர் மெதுவாகத் திரும்ப மண்ணுக்குள் விட்டார், மேலே கொஞ்சம் மண் தூவினார், பக்கத்திலிருந்த சின்னப் புழு ஒன்றை எடுத்துத் தூண்டிலில் கோத்து வீசினார்.